மருந்துச் சட்டம் பாக்குற வக்கீல்கிட்ட போயிருக்கீங்களா? (தொண்டி முதல் சாயல்குடி வரை)

மண்டபம் மாணவன்:
பி.பார்ம் முடிச்சுட்டு இப்ப மூணு வருஷ சட்டப் படிப்புல இருக்கேன். மருந்துச் சட்டம் பாக்குற வக்கீலா ஆகணும்னு ஆசை. வீட்டுல சொன்னா சிரிக்கிறாங்க. "படகு கேஸ் பாத்தாலாவது நாலு காசு வரும்டா"ங்கறார் மாமா. நம்ம கரையோரத்துல இந்த மாதிரி வக்கீல்கிட்ட போனவங்க இருந்தா எழுதுங்க. கடை பேரு, ஆபீசர் பேரு எதுவும் வேண்டாம்.

தங்கச்சிமடம் மெடிக்கல்:
அப்பா காலத்துல இருந்து கடை. டிரக் இன்ஸ்பெக்டர் ஒரு நாள் வந்து ஒரு சத்து மாத்திரையில சாம்பிள் எடுத்தார். சாம்பிள் எடுத்ததைத் தெரிவிக்கிற படிவம் 17 கொடுத்து, நாலு பங்காப் பிரிச்சு சீல் வச்சு, ஒரு பங்கை எங்ககிட்டயே விட்டுட்டுப் போனார். நாங்க அதோட மறந்துட்டோம். ரொம்ப நாள் கழிச்சு அரசு ஆய்வகத்துல இருந்து அறிக்கை வருது: குறிச்ச நேரத்துக்குள்ள மாத்திரை கரையல, தரமற்றது. அப்பாவுக்கு அன்னைக்கு ராத்திரி பிரஷர் ஏறிருச்சு. போலி மருந்து வித்தவன்னு ஊரு பேசுமேன்னு ஒரே புலம்பல்.

நிலத்தகராறு பாக்குற தெரிஞ்ச வக்கீல் ஒருத்தர், மன்னிப்புக் கடிதம் எழுதிக் கொடுத்துருங்க, முடிஞ்சிரும்னார். நல்லவேளை, மருந்து வியாபாரிங்க சங்கத்துல ஒரு அண்ணன் ராமநாதபுரத்துல இருக்கிற ஒரு வக்கீலம்மாகிட்ட அனுப்பினார். அவங்க கேட்ட முதல் கேள்வியே, "கடிதம் எதுவும் கொடுத்துட்டீங்களா?"ங்கறதுதான். இல்லைன்னதும் உக்காரச் சொன்னாங்க.

போலி வேற, தரமற்றது வேற. சட்டத்துல தண்டனையும் வேற வேறன்னு அப்பாவுக்குப் பொறுமையா விளக்கினாங்க. அறிக்கை கைக்கு வந்த நாள்ல இருந்து 28 நாளைக்குள்ள ஆட்சேபணையை எழுத்துல தெரிவிச்சாத்தான், கோர்ட்டுல இருக்கிற பங்கைக் கொல்கத்தா மத்திய ஆய்வகத்துக்கு அனுப்பச் சொல்லிக் கேக்கலாம். அதை விட்டுட்டா அந்த அறிக்கையே முடிஞ்ச முடிவு. நாங்க போனப்போ பாதி நாள் போயிருந்துச்சு.

அப்புறம் கொள்முதல் பில்லு. யார்கிட்ட வாங்கினோம்னு மருந்துச் சட்டத்தோட 18ஏ பிரிவுப்படி சொல்லியாகணும். லைசென்ஸ் உள்ள ஏஜென்சியில வாங்கினது, குறை இருக்குன்னு தெரிஞ்சுக்க வழியில்லை, ஒழுங்காப் பாதுகாத்து வாங்கின நிலையிலேயே வித்தோம். இந்த மூணையும் நிரூபிச்சா அதே சட்டத்தோட 19(3) பிரிவு கடைக்காரனைக் காப்பாத்தும். முதல் ரெண்டுக்கும் பில்லு போதும். மூணாவதுக்குக் கடையை நேர்ல பாக்கணும்னு வந்துட்டாங்க. சாயங்கால வெயில் நேரா விழுற ரேக் ஒண்ணு எங்ககிட்ட உண்டு. அதுல கையை வச்சுப் பாத்துட்டு, "அட்டையில 30 டிகிரிக்குக் கீழன்னு போட்டிருக்கு. இந்த ரேக்குல வச்சிருந்தீங்கன்னா கோர்ட்டுல நான் என்ன சொல்ல?"ன்னாங்க. அந்த மாத்திரை உள்பக்க அலமாரியிலதான் இருந்துச்சு. ஆனா அதைச் சொல்ல ஒரு காகிதம்கூட இல்லை. அன்னையில இருந்து தெர்மாமீட்டர் மாட்டி காலையும் மாலையும் நோட்டுல எழுதுறோம். கேஸ் கடைசியில கம்பெனி மேலயும் ஏஜென்சி மேலயும்தான் போச்சு, எங்களைச் சேக்கல.

கீழக்கரை பார்மசிஸ்ட்:
என் நாத்தனார் கதை. டி.பார்ம் முடிச்சவ. கல்யாணம் ஆகி மாப்பிள்ளை கூட துபாய் போயிட்டா, சர்டிஃபிகேட் மட்டும் வேற ஊர்ல ஒரு கடையில தொங்குது. மாசாமாசம் ஒரு தொகை வாப்பா கணக்குல வந்துரும். நம்ம பக்கம் இது எவ்வளவு சகஜம்னு எல்லாருக்கும் தெரியும், நடிக்க வேண்டாம்.

சோதனை நடந்த அன்னைக்கு கல்லாவுல ஒரு பத்தாங்கிளாஸ் பையன். ஹெச்1 அட்டவணை மருந்துகளுக்கான (டாக்டர் சீட்டு இல்லாம விக்கக்கூடாத, தனியாக் கணக்கு எழுத வேண்டிய மருந்துங்க) ரிஜிஸ்டர்ல பாதிப் பக்கம் காலி. 2014 மார்ச்ல இருந்து அந்த மருந்துகளுக்கு டாக்டர் பேரு, நோயாளி பேரு, மருந்து, அளவு எல்லாம் எழுதி மூணு வருஷம் வச்சிருக்கணும். நோட்டீஸ் வந்ததும் முதலாளி பண்ணின வேலை, "அன்னைக்கு மட்டும் ஆஸ்பத்திரிக்குப் போயிருந்தேன்"னு நாத்தனார்கிட்ட பிரமாணப் பத்திரத்துல கையெழுத்துக் கேட்டார். அவரே வக்கீலையும் பேசி வச்சு, ரெண்டு பேருக்கும் சேத்து வாதாடச் சொன்னார்.

அந்த வக்கீல் நாத்தனாருக்கு வாட்ஸ்அப் கால் போட்டு ஒண்ணே ஒண்ணுதான் கேட்டாராம்: "அந்தத் தேதியில உங்க பாஸ்போர்ட்டுல எந்த ஊர் முத்திரை இருக்கும்மா?" அவ வாயே திறக்கல. முதலாளிகிட்ட, பொய்ப் பத்திரம் நான் தாக்கல் பண்ண மாட்டேன்னு சொல்லிட்டார். இன்னொண்ணும் சொன்னார். கடைக்காரரைக் காப்பாத்த, பார்மசிஸ்ட் ஏமாத்திட்டாங்கன்னு சொல்லணும். பார்மசிஸ்டைக் காப்பாத்த, கடைக்காரர்தான் காரணம்னு சொல்லணும். ஒரே வக்கீல் ரெண்டையும் சொல்ல முடியாது. நாத்தனாருக்கு வேற ஆளைப் பாக்கச் சொல்லிட்டு, மாநில பார்மசி கவுன்சிலுக்குப் பதிவேட்டுல இருந்து பேரையே நீக்குற அதிகாரம் இருக்குங்கறதையும் காதுல போட்டு வச்சார். எங்க வீட்டுல அதுவரைக்கும் கடைக்குத்தான் ஆபத்துன்னு நினைச்சுக்கிட்டிருந்தாங்க. கடையோட லைசென்ஸைக் கொஞ்ச நாள் நிறுத்தி வச்சாங்க. முதலாளி இன்னும் அந்த வக்கீலைத் திட்டிக்கிட்டுத்தான் இருக்கார்.

ஏர்வாடி அக்கா:
என்னோடது சின்ன விஷயம். தம்பிக்கு மனநல மாத்திரை விடாம கொடுக்கணும். பழைய சீட்டைக் காட்டினா மெடிக்கல்ல தர மாட்டேன்னுட்டாங்க. சண்டை போட்டேன். சட்ட உதவி முகாமுல ஒரு வக்கீல்கிட்ட முறையிட்டா, அவர் கடைக்காரர் பக்கமே பேசினார்! டாக்டர் எழுதாம ஒரே சீட்டுக்கு ரெண்டாவது தடவை கொடுக்கக்கூடாதுன்னு மருந்து விதிகள்ல விதி 65-ல இருக்காம். "அடுத்த தடவை போறப்போ, மாசம் ஒரு தடவையா மூணு மாசத்துக்குக் கொடுக்கலாம்னு டாக்டர் கையாலேயே சீட்டுல எழுதி வாங்கிக்கங்க"ன்னார். இப்ப அப்படித்தான் வாங்குறேன், பஸ் செலவும் மிச்சம்.

பெட்டிக்கடை மகன்:
வாலிநோக்கம் தாண்டி ஒரு சின்னக் கடற்கரை ஊர். அம்மா கடையில பீடி, சோப்பு, காய்ச்சல் மாத்திரை, தைலம். லைசென்ஸ் இல்லாம மாத்திரை விக்கிறேன்னு யாரோ மிரட்டினதும் அம்மா எல்லாத்தையும் எடுத்துட்டாங்க. ராத்திரி காய்ச்சல்னா பக்கத்துல வேற கதி கிடையாது.

ஒரு வக்கீல்கிட்ட கேட்டப்போ, மருந்து விதிகள்ல எதுக்கெல்லாம் விலக்கு உண்டுன்னு சொல்ற அட்டவணை கே-ன்னு ஒண்ணு எடுத்துக் காட்டினார். ஆயிரம் பேருக்கு மேல போகாத கிராமத்துல பாரசிட்டமால், ஆஸ்பிரின், வலித் தைலம், விளக்கெண்ணெய் மாதிரி வீட்டு மருந்தை லைசென்ஸ் இல்லாமலே விக்கலாம். ஆனா லைசென்ஸ் உள்ள ஆள்கிட்ட வாங்கியிருக்கணும், கம்பெனி அட்டையைப் பிரிக்காம அப்படியே விக்கணும். எங்க அம்மா ரெண்டு ரெண்டா வெட்டித்தான் கொடுப்பாங்க. அதோட எங்க குடியிருப்புல நூத்துச் சொச்சம் வீடுதான், வருவாய் கிராமக் கணக்கு எடுத்தா ஆயிரத்தைத் தாண்டும். எதை வச்சுப் பாப்பாங்கன்னு கேட்டேன். "அதைச் சொல்லி வாதாடலாம், ஆனா அதை நம்பி அம்மாவைக் கடையில உக்கார வைக்காதே"ன்னுட்டார். தைலம் மட்டும் இப்ப விக்கிறாங்க.

பாம்பன் படகுக்காரர்:
எல்லாரும் வக்கீல் புராணம் பாடுறீங்க. நாங்க திங்கள், புதன், சனி கடலுக்குப் போறவங்க. தோள்வலிக்குப் பத்து மாத்திரை கேட்டா சீட்டு எங்கேங்கறான். வேதாளைப் பக்கம் பண்டல் பண்டலா மாத்திரை அக்கரைக்கு, இலங்கைக்குப் போகுதுன்னு பேப்பர்ல வருது, அது எந்தச் சீட்டுல போச்சு? பிடிபட்டா அவனுக்கு வாதாட நிக்கிறதும் இதே வக்கீல்தானே?

ராமநாதபுரம் வக்கீல்:
அண்ணன் கேட்டது நியாயம். நான் ரொம்ப வருஷமா இதைத்தான் பாக்குறேன், அதனால எழுதுறேன்.

ஆமா, அவங்களுக்கும் நிப்போம். என்கிட்ட வர்றவங்க பெரும்பாலும் கடத்தினவங்க இல்லை. அட்டையில இருக்கிற பேட்ச் நம்பரைப் பிடிச்சுக்கிட்டு விசாரணை வந்து நிக்கிற மொத்த வியாபாரிங்கதான். அவன் லைசென்ஸ் உள்ள கடைக்குத்தான் வித்தேன்னு பில்லு காட்டணும். காட்டினா தப்பிப்பான். இல்லாத ஊர்ல, இல்லாத கடை பேருக்குப் பில்லு போட்டிருந்தா, அதை நிஜம்னு சொல்ல நான் போக மாட்டேன். போற வக்கீலும் உண்டு, மறைக்கல.

தம்பி, உனக்கு ஒண்ணு. பிடிபட்டது எந்த மாத்திரைங்கறதை வச்சே கேஸோட ரூட்டு மாறும். டிரமடால் 2018-ல போதைப்பொருள் சட்டத்துக்குள்ள போயிருச்சு, அதுல போலீஸே கைது பண்ணலாம், ஜாமீன் கஷ்டம். வெறும் மருந்துச் சட்டக் குற்றம்னா போலீஸ் எஃப்.ஐ.ஆர். போட முடியாது, மருந்து ஆய்வாளர் (டிரக் இன்ஸ்பெக்டர்) மாதிரி 32-ஆம் பிரிவுல சொன்னவங்கதான் புகார் கொண்டுவரணும்னு 2020 ஆகஸ்ட்ல உச்ச நீதிமன்றம் சொல்லிருச்சு. இங்க நிறையப் பேர் முதல் ஜாமீன் மனுவிலேயே இதைக் கோட்டை விடுறாங்க. பி.பார்ம் படிச்சவனுக்கு அட்டையைப் பாத்ததும் எந்த அட்டவணைன்னு தெரியும். உன்னோட பலம் அதுதான்.

வருமானம் கேப்பே. மருந்துக் கேஸ் மட்டும் வச்சு ராமநாதபுரத்துல குடும்பம் நடத்த முடியாது. எனக்கும் பாகப்பிரிவினை, செக் கேஸ் எல்லாம் உண்டு. "மருந்துச் சட்ட நிபுணர்"னு போர்டும் வைக்க முடியாது. பார் கவுன்சில் விதி 36 அதைத் தடுக்குது. சங்கத்து ஆளுங்க வாயால பரவுறதுதான். உண்மையில பாதி வேலை கோர்ட்டுக்கு வெளியிலதான்: விளக்கம் கேட்டு வர்ற ஷோகாஸ் நோட்டீசுக்குப் பதில், லைசென்ஸ் ரத்தானா மூணு மாசத்துக்குள்ள அரசுக்கு அப்பீல், அதுக்கு மேல ஹைகோர்ட் மதுரைக் கிளையில ரிட் மனு.

2025 அக்டோபர்ல, காஞ்சிபுரம் மாவட்டத்துல தயாரான இருமல் சிரப் குடிச்சு மத்தியப் பிரதேசத்துல குழந்தைங்க செத்தப்போ, சோதனையில 48.6 சதவீதம் டைஎத்திலீன் கிளைக்கால்ங்கற விஷ ரசாயனம்னு வந்தப்போ, தொண்டியில இருந்து ராமேஸ்வரம் வரைக்கும் போன் மேல போன். அந்த சிரப்பே வாங்காத கடைக்காரங்களும் கூப்பிட்டாங்க. ஒருத்தர் கையிருப்புல இருந்த எல்லா இருமல் மருந்தையும் கடல்ல கொட்டிடவான்னு கேட்டார்! கொட்டிட்டா கையில என்ன ஆதாரம் இருக்கும்? தனியா எடுத்து வை, "விற்பனைக்கு இல்லை"ன்னு எழுதி ஒட்டு, பேட்ச் நம்பரும் எண்ணிக்கையும் குறிச்சு ஆய்வாளருக்குக் கடிதம் கொடு, நகல்ல கையெழுத்து வாங்குன்னேன். அந்த வாரம் யார்கிட்டயும் பீஸ் வாங்கல, கேக்கவும் மனசு வரல.

மண்டபம் மாணவன்:
நன்றி சார். பார் கவுன்சில்ல வக்கீலா என்ரோல் ஆனதுக்கு அப்புறம், கொஞ்ச நாளைக்கு உச்சிப்புளியில ஒரு மெடிக்கல்ல பார்மசிஸ்டா இருந்துக்கிட்டே பிராக்டிஸ் பண்ணலாமா? ஜூனியருக்கு என்ன கிடைக்கும்னு தெரியும், அதான்.

ராமநாதபுரம் வக்கீல்:
முடியாது. முழுநேரச் சம்பள வேலையில இருந்துக்கிட்டு வக்காலத்து போடக்கூடாது. கீழக்கரைத் தங்கச்சி எழுதினதைப் படிச்சேல்ல, சர்டிஃபிகேட்டைக் கழட்டி வீட்டுக்குக் கொண்டுவந்துட்டு அப்புறமா என்ரோல்மெண்ட்டுக்குப் போ. படிக்கிற வரைக்கும் வேலை பாரு, ஹெச்1 ரிஜிஸ்டரை நீயே எழுது. அடுத்த வாரம் செஷன்ஸ் கோர்ட்டுல ஒரு சாம்பிள் கேஸ்ல ஆய்வாளரைக் குறுக்கு விசாரணை பண்றோம். பத்தரைக்கு முன்னாடி வந்துரு, கேன்டீன் பக்கம் நிப்பேன்.