தடைக்காலத்தில் தவணை குறைக்கச் சொல்லிக் கேட்கலாமா?

மண்டபம் கருவாட்டுக்காரி:
மண்டபத்தில் கருவாடு போட்டு விற்கிறேன். காயப்போடும் தளத்துக்காக வங்கியில் மூன்று லட்சம் வாங்கினேன். வீட்டுக்காரருக்கு ஆபரேஷன் நடந்த வருஷம் கட்ட முடியாமல் நின்றுபோனது. வங்கி ராமநாதபுரம் கோர்ட்டில் வழக்குப் போட்டு, வட்டியோடு 3,42,000 கேட்கிறது. இப்போது லோக் அதாலத்துக்கு, அதாவது சமரசம் பேசி முடிக்கும் மக்கள் நீதிமன்றத்துக்கு, நோட்டீஸ் வந்திருக்கிறது. 2,60,000 போதும், அன்றைக்கே 20,000, மீதி மாதம் 12,000 வீதம் 20 தவணை என்கிறார்கள்.

தொகையில் எனக்குக் குறை இல்லை. மாதம்தான் இடிக்கிறது. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலம், விசைப்படகு கடலுக்குப் போகாது. நாட்டுப்படகு மீன் பச்சையாகவே விலைபோய்விடும், காயப்போட எனக்கு எங்கே மிஞ்சும்? ஐப்பசி, கார்த்திகை மழையில் மீன் கிடைத்தாலும் காயாது, புழு வைத்துவிடும். மே, ஜூன், அக்டோபர், நவம்பர், டிசம்பர் ஐந்து மாதமும் 3,000, மற்ற ஏழு மாதம் 15,000 என்றால் வருஷத்துக்கு 1,20,000 ஆகிறது. இரண்டு வருஷத்தில் முடித்துவிடுவேன். இப்படிக் கேட்டால் நீதிபதி கோபிப்பாரா?

ராம்நாடு வக்கீல்:
தாராளமாகக் கேளுங்கள் அக்கா. லோக் அதாலத்தில் இரண்டு பக்கமும் சம்மதித்தால்தான் முடிவு. ஒத்துவராவிட்டால் வழக்கு பழையபடி கோர்ட்டுக்கே போகும், அவ்வளவுதான். ஆனால் கையெழுத்துப் போட்டுவிட்டால் அது தீர்ப்புக்குச் சமம், அப்பீல் கிடையாது. அதனால் மாதவாரிக் கணக்கு அந்தத் தாளிலேயே இருக்க வேண்டும். 'ஒரு தவணை தவறினால் முழுத்தொகையும் உடனே' என்று ஒரு வரி இருக்கும், அதைத் தேடிப் படியுங்கள். தொடர்ந்து இரண்டு தவறினால் என்று மாற்றச் சொல்லுங்கள். பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் தருவார்கள். மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் மனு கொடுங்கள்.

தொண்டிக்காரர்:
வக்கீல் சொன்னதை விட்டுவிடாதீர்கள் அக்கா. 'மழைக்காலத்தில் கொஞ்சம் முன்னே பின்னே கட்டுங்கள்' என்று என்னிடம் மேனேஜர் வாயால்தான் சொன்னார். அவர் மாற்றலாகிப் போனதும் புதிதாக வந்தவர் தாளைக் காட்டினார். தாளில் அப்படி ஒரு வார்த்தை இல்லை. நகையை விற்றுத்தான் மீண்டேன்.

மண்டபம் கருவாட்டுக்காரி:
சமரசம் ஆகாவிட்டால் தவணையே கிடைக்காதா?

ராம்நாடு வக்கீல்:
கிடைக்கலாம். தீர்ப்பு சொல்லும்போதே தவணை கொடுக்க நீதிபதிக்கு அதிகாரம் உண்டு. தீர்ப்புக்குப் பிறகு கேட்பதென்றால் 30 நாளுக்குள் மனு போட வேண்டும், வங்கியும் சம்மதிக்க வேண்டும். அதனால் முன்னாலேயே கேட்டுவிடுங்கள். மூன்று வருஷ விற்பனை நோட்டு இருந்தால் எடுத்துப் போங்கள். எந்த மாதம் படுக்கிறது என்று வங்கிக்காரரே பார்த்துக்கொள்ளட்டும்.

மண்டபம் கருவாட்டுக்காரி:
நோட்டு இருக்கிறது தம்பி, உப்புக்கறை படிந்திருந்தாலும் எழுத்து தெரியும். திங்கட்கிழமை முதல் பஸ்ஸுக்கே கிளம்புகிறேன். மகளை 24 தவணையையும் தேதி போட்டு ஒரு தாளில் எழுதித் தரச் சொல்லியிருக்கிறேன்.