மறு: 'கராத்தெரிஸ்தா' – 'துணை நடிகை' வேண்டாமே

வணக்கம்.

இத்தாலிய நாடகத்தில் தனித்த குணம் கொண்ட பாத்திரங்களை ஏற்று நடிப்பவர் 'கராத்தெரிஸ்தா'. அதற்குத் தமிழ்ச் சொல் தேடும் இந்த இழையில் இதுவரை வந்த பரிந்துரைகள் மூன்று: 'துணை நடிகை', 'குணச்சித்திர நடிகை', 'பண்புரு நடிகை'. இவற்றில் 'துணை நடிகை'யை முதலில் விலக்கிவிடலாம். கோடம்பாக்கத்தில் அது கூட்டத்தில் நிற்பவரைக் குறிக்கும், விருதுப் பட்டியலில் வேறொருவரை. அந்தக் குழப்பத்தையாவது பொறுத்துக்கொள்ளலாம். ஒரு நடிகையை இன்னொருவருக்குத் துணை என்று வைத்து அளப்பதைத்தான் என்னால் ஏற்க முடியவில்லை. கராத்தெரிஸ்தா என்பது தொழிலின் பெயர். அதில் மேல் கீழ் என்ற பேச்சே இல்லை.

இத்தாலிய நடிகை புப்பெல்லா மாஜ்ஜோவை எடுத்துக்கொள்ளுங்கள். 1910இல் நேப்பிள்ஸில் நாடகக் குடும்பத்தில் பிறந்தவர், இயற்பெயர் ஜுஸ்தீனா. கைக்குழந்தையாக இருந்தபோதே அப்பாவின் கம்பெனியில் பொம்மை வேடத்தில் மேடையேற்றிவிட்டார்கள். 'பூப்பா' என்றால் பொம்மை. வேடமே பெயராகிக் கடைசிவரை கூட வந்தது. 1954இல் நாடகாசிரியர் எதுவார்தோ தெ பிலிப்போவின் குழுவில் சேர்ந்தார். 1959இல் எதுவார்தோ எழுதிய 'சனி, ஞாயிறு, திங்கள்' நாடகத்தின் ரோசா, இவரை மனத்தில் வைத்தே உருவான பாத்திரம். ஞாயிற்றுக்கிழமை விருந்துக்கான இறைச்சிக் குழம்பை சனிக்கிழமை மாலையே அடுப்பில் ஏற்றிவிடும் குடும்பத்தலைவி. நாடகமே அவரைச் சுற்றித்தான். இதில் யார் யாருக்குத் துணை?

திரையில் கிடைத்த நேரம் குறைவு. 1966இல் ஜான் ஹூஸ்டனின் 'பைபிள்' படத்தில் நோவாவின் மனைவி. 1973இல் ஃபெல்லினியின் 'அமர்கார்ட்'டில், சாப்பாட்டு மேசையில் கணவனோடு மல்லுக்கட்டி, சூப்பில் விஷம் வைத்து எல்லோரையும் கொன்றுவிடுவேன் என்று அலறும் அம்மா. 1988இல் வந்த 'சினிமா பாரடீசோ'வில் முதிய தாய். முப்பது வருடம் கழித்து மகன் ஊர் திரும்புகிறான். அம்மா உட்கார்ந்து பின்னிக்கொண்டிருக்கிறார். வாசலில் ஆள் வந்தது தெரிந்ததும் எழுந்து விரைகிறார். நூல் அவரோடு இழுபட்டுப் போக, பின்னல் வரிவரியாகப் பிரிகிறது. கேமரா அவர் பின்னால் போகவில்லை, பிரியும் நூலையே பார்த்துக்கொண்டிருக்கிறது. நூல் நின்றதும் நமக்குத் தெரிந்துவிடுகிறது, மகனிடம் போய்ச் சேர்ந்துவிட்டார் என்று. எத்தனை முறை பார்த்தாலும் எனக்குத் தொண்டை அடைக்கும்.

சினிமாவைப் பற்றி எழுதும்போது 'குணச்சித்திர நடிகை' போதும். பத்திரிகைகளில் ஊறிய சொல், மாற்ற வேண்டியதில்லை. 'பண்புரு நடிகை' இலக்கணப்படி சரி, ஆனால் அதை ஒருவர் வாய்விட்டுச் சொல்வதாகக் கற்பனை செய்யவே முடியவில்லை.

சிக்கல் நாடக வரலாற்றில் வருகிறது. 19ஆம் நூற்றாண்டு இத்தாலிய நாடகக் கம்பெனிகள் நடிகர்களை 'ருவோலோ', அதாவது பாத்திர வகை, கணக்கில்தான் அமர்த்தின. நாயகி ஒரு ருவோலோ, நகைச்சுவைக்காரர் ஒரு ருவோலோ, கராத்தெரிஸ்தா இன்னொன்று. எந்த நாடகம் போட்டாலும் அவரவர் வகை அவரவருக்கு. இந்த ஏற்பாடு நமக்குப் புதிதா என்ன? நம் ஊர்த் திருவிழா மேடைகளின் ஸ்பெஷல் நாடகத்தில் ராஜபார்ட் (நாயகன்), ஸ்திரீபார்ட் (நாயகி), கள்ளபார்ட் (திருடன்) என்று அதே ஒழுங்குதானே இருக்கிறது? நடிகர் கள்ளபார்ட் நடராஜன் என்று, அங்கேயும் பார்ட் ஆளின் பெயரோடு ஒட்டிக்கொண்டது, புப்பெல்லாவுக்கு ஆனதுபோலவே.

ஆகவே என் பரிந்துரை: ருவோலோவுக்குப் 'பார்ட்', கராத்தெரிஸ்தாவுக்குக் 'குணபார்ட்'. பார்ட் ஆங்கிலம் என்று மறுப்பு வரும், தெரியும். ஊர்த் திருவிழா மேடைகளில் பல தலைமுறையாகப் புழங்கிய சொல் அது. 'வேடம்' என்று மாற்றினால் அன்றைய நாடகத்துக்குக் கட்டும் ஒப்பனைதான் நினைவுக்கு வரும், ஆயுள் முழுக்கத் தொடரும் வகை நினைவுக்கு வராது.

அடுத்து 'மாத்ரே நோபிலே' இருக்கிறது, கண்ணியமான தாய் வேடங்களுக்கென்றே அமர்த்தப்பட்டவர். 'தாய்பார்ட்' போதுமா, அந்தக் கண்ணியத்தையும் சொல்லில் கொண்டுவர வேண்டுமா? ஸ்பெஷல் நாடகக்காரர்களோடு பழகியவர்கள், வயதான பெண் வேடத்துக்கு அங்கே தனிப்பெயர் உண்டா என்று கேட்டுச் சொன்னால் அதையே வைத்துக்கொள்ளலாம்.

அன்புடன்.