இந்தியா சார்பா வெனிஸ் பினாலேக்கு யாரு போறதுன்னு யாரு முடிவு பண்றா? திருவாரூர்ல தொம்பை தைக்கிற வீட்டுலேர்ந்து கேக்குறேன்

தேர்முட்டி எழுதியது:

எல்லாருக்கும் வணக்கம். கொஞ்சம் நீளமா வரும், பொறுமையா படிங்க.

எங்கப்பா தொம்பை தைக்கிறவரு. தேரச் சுத்தி உருளை உருளையா தொங்கும்ல, செவப்பு வெள்ளை மஞ்சள்னு துணிய வெட்டி ஒட்டி யாளி, அன்னம், தாமரையெல்லாம் வச்சு, அதுதான். தேர்ச்சீலை, குடை, வாசமாலைன்னு கோயிலுக்கு வேண்டிய துணி வேலை எல்லாமே செய்வாரு. தாத்தா காலத்துலேர்ந்து இதே வேலைதான். நான் கும்பகோணத்துல கவின்கலை படிச்சு முடிச்சு ரெண்டு வருஷம் ஆச்சு, இப்ப ஒரு ஸ்கூல்ல டிராயிங் கிளாஸ் எடுத்துக்கிட்டு சாயந்திரம் அப்பாகூட உக்காந்து தைக்கிறேன்.

போன வாரம் கூடப் படிச்ச பொண்ணு ஒரு போட்டோ அனுப்புனா. இத்தாலி வெனிஸ்ல ரெண்டு வருஷத்துக்கு ஒரு தடவை நடக்குற உலகக் கலைக் கண்காட்சிதான் வெனிஸ் பினாலே, அதுல 2022-ல போலந்து நாட்டோட பெவிலியன், அதாவது அந்த நாட்டுக்கான காட்சிக்கூடம். மால்கோர்சாட்டா மிர்கா-டாஸ்னு ஒரு ஆர்ட்டிஸ்ட், ஐரோப்பாவுல சிறுபான்மையா இருக்குற ரோமா சமூகத்துக்காரங்க, சொந்தக்காரங்க தெரிஞ்சவங்க கட்டிப் பழசான பாவாடை சட்டை திரைச்சீலையெல்லாம் வெட்டி ஒட்டித் தைச்சு அந்தக் கட்டடத்தோட உள்சுவர் முழுக்க மேலேர்ந்து கீழ வரைக்கும் மூடியிருக்காங்க. ரோமா சமூகத்துலேர்ந்து ஒருத்தர் ஒரு நாட்டோட சார்பா அங்க போனது அதுதான் முதல் தடவையாம். பாத்ததும் எனக்கு அழுகையே வந்துடுச்சு, ஏன்னா அது எங்க வீட்டு வேலைங்க. துணியில உருவம் வெட்டி துணி மேல வச்சு ஓரம் தைக்கிறது. எங்கப்பா தரையில துணிய விரிச்சு சோப்புத் துண்டால ஒரு கோடு இழுப்பாரு, அப்புறம் கத்திரிய மேல தூக்கவே மாட்டாரு, யாளியோட தும்பிக்கையில ஆரம்பிச்சு பல்லு, நாக்கு, புடரி மயிர் வரைக்கும் ஒரே ஓட்டத்துல வந்துடும். வெட்டி எடுத்ததுக்கு அப்புறம் கீழ கெடக்குற மிச்சத் துணியிலயும் ஒரு யாளி தெரியும், சின்ன வயசுல அதைப் பொறுக்கி வச்சுத்தான் நான் வெளையாடுவேன்.

என் கேள்வி இதுதான். இந்தியா சார்பா இந்த மாதிரி கண்காட்சிக்கு யாரு போறதுன்னு யாரு முடிவு பண்றாங்க? நம்மளா அப்ளை பண்ண முடியுமா? ஏன் கேக்குறேன்னா, ஒரு கலை உதவித்தொகைக்கு அப்பாவும் நானும் சேந்து செஞ்ச வேலைய அனுப்புனேன், இது கைவினை, அந்தப் பக்கம் போங்கன்னுட்டாங்க. அந்தப் பக்கம் போனா, இதையே லேப்டாப் பை, சுவர்ல மாட்டுற சைஸுல பண்ணிக் குடுங்க, விக்கும்ங்குறாங்க. எங்கதான் போறது?

மெஸ்த்ரேவாசி எழுதியது:

தங்கச்சி, எனக்கு திருத்துறைப்பூண்டி பக்கம். வெனிஸுக்கு அடுத்தாப்ல இருக்குற மெஸ்த்ரேல ஒரு ஹோட்டல் கிச்சன்ல பத்து வருஷத்துக்கு மேல வேலை. லீவு நாள்ல பினாலேக்குப் போறது எனக்குப் பழக்கமாயிடுச்சு, படிச்சவன் இல்ல, ஆனா பாத்துப் பாத்து கொஞ்சம் புரிஞ்சுது, அதச் சொல்றேன்.

மொதல்ல ஒண்ணு தெரிஞ்சுக்கணும், அங்க ரெண்டு கதவு இருக்கு. ஒண்ணு மெயின் கண்காட்சி, அதுக்கு பினாலேக்காரங்களே ஒரு க்யூரேட்டர வைப்பாங்க, அவங்க உலகம் முழுக்கத் தேடி ஆர்ட்டிஸ்ட்டுகளக் கூப்புடுவாங்க. இன்னொண்ணு நாடுகளோட பெவிலியன். இதுல யாரு வர்றதுன்னு பினாலே சொல்லாது, அந்தந்த நாட்டு அரசாங்கம்தான் ஒரு பொறுப்பாளர நியமிச்சு, ஆளத் தேர்ந்தெடுத்து, செலவையும் பாத்துக்கணும். 1895-ல ஆரம்பிச்ச கண்காட்சி, 1907-ல பெல்ஜியம் கண்காட்சி நடக்குற தோட்டத்துக்குள்ள சொந்தமா கட்டடம் கட்டுச்சு, அப்படியே ஒவ்வொரு நாடா கட்டி இப்ப 29 இருக்கு. இந்தியாவுக்குக் கெடையாது. கட்டடம் இல்லாதவங்க ஆர்செனாலேங்குற பழைய கப்பல் பட்டறையிலயோ ஊருக்குள்ள ஏதாவது மாளிகையிலயோ எடம் வாடகைக்கு எடுத்துக்கணும். 2024-ல 88 நாடு வந்துச்சு, அதுல நம்ம நாடு இல்ல.

இந்தியா 1950கள்ல போயிருக்கு, நடுவுல ரொம்ப வருஷம் விட்டுப்போச்சு. 2011-ல மத்திய அரசோட கலை அமைப்பான லலித் கலா அகாடமி மூலமா ரஞ்சித் ஹோஸ்கோட்டே க்யூரேட்டரா இருந்து பண்ணாரு. அப்புறம் எட்டு வருஷம் கழிச்சு 2019-ல, காந்தி 150-வது வருஷத்த ஒட்டி. அத நான் நேர்ல பாத்தேன். ஜி.ஆர். இரண்ணான்னு ஒருத்தர் நூத்துக்கணக்குல மரப் பாதுகைய சுவர் நெடுக மாட்டியிருந்தாரு, ஒவ்வொரு பாதுகையிலயும் அவங்கவங்க தொழிலுக்கான சாமான் ஏதோ ஒண்ணு ஒட்டியிருக்கும். எங்கூர்ல பெருமாள் கோயில்ல சடாரி வாங்க தலையக் குனிஞ்ச ஞாபகம் வந்துடுச்சு, ரொம்ப நேரம் நின்னுட்டேன். பக்கத்துல ஜிதிஷ் கல்லட் பண்ணது, காந்தி 1939-ல ஹிட்லருக்கு எழுதுன கடிதம் புகை மேல எழுத்தா ஓடும், நாம அந்த எழுத்துக்குள்ள நடந்து போவணும். அவ்ளோ நல்லா இருந்துச்சு. அதுக்கப்புறம் 2022-ல தேடிக்கிட்டுப் போனேன், இல்ல. 2024-லயும் இல்ல. 2026-க்கு மறுபடி அறிவிச்சாங்க, அஞ்சு ஆர்ட்டிஸ்ட்ல நம்ம தமிழ்நாட்டுக்காரர் ஆல்வார் பாலசுப்ரமணியமும் ஒருத்தர்.

நீ பாத்த போலந்துல எப்படின்னா, ஒவ்வொரு தடவையும் போட்டி அறிவிக்கிறாங்க, யாரு வேணா திட்டம் எழுதிக் குடுக்கலாம், நடுவர் குழு பாத்து எடுக்கும். அயர்லாந்துலயும் அப்படித்தான் விண்ணப்பம் கேப்பாங்க. நம்மகிட்ட 2011, 2019 ரெண்டுமே க்யூரேட்டர நியமிச்சு அவங்க கூப்பிட்டதுதான். கூப்பிட்டவங்க நல்ல ஆர்ட்டிஸ்ட்டுதான், அதுல எனக்கு மறுப்பே இல்ல. ஆனா திருவாரூர்ல உக்காந்திருக்குற பொண்ணு எந்தக் கதவத் தட்டணும்னு தெரியாம இருக்குறது தப்பு. ரெண்டு வருஷத்துக்கு ஒரு தடவ, இன்ன தேதிக்குள்ள அனுப்புங்கன்னு ஊரறியச் சொன்னாலே போதும், அது ஒண்ணும் பெரிய செலவு இல்லையே.

வண்டல் எழுதியது:

நான் சுவாமிமலை. பட்டறை வேலை. நான் கொஞ்சம் மாத்தித்தான் சொல்லுவேன், கோச்சுக்காதம்மா.

நாங்க தேன்மெழுகும் குங்கிலியமும் கடலை எண்ணெயும் காச்சி உருவம் பண்ணி, அது மேல காவிரி வண்டல பூசிப் பூசி, காயவச்சு, மெழுக உருக்கி எடுத்துட்டு உலோகம் ஊத்துறோம். கடைசியில அந்த மண் அச்ச உடைச்சுத்தான் சிலைய எடுக்கணும், அதனால அதே மாதிரி இன்னொண்ணு வராது. 2023-ல தில்லி பாரத் மண்டபம் வாசல்ல ஜி20-க்கு வச்ச 27 அடி நடராஜர், 18 டன், இங்க செஞ்சு ரோட்டு வழியா போனதுதான். ஊரே நின்னு வழியனுப்புச்சு. நாட்டு சார்பா நிக்கிறதுக்கு எங்களுக்கு அது போதும்.

நாங்க சிலையில பேரு போடுறது இல்ல. அளவு சாஸ்திரம் சொல்றது, தாளம்னு சிலைக்கு ஒரு அளவுக் கணக்கு, என் மனசுக்குத் தோணுனத வைக்க முடியாது. வெள்ளை ரூமுல லைட்டுக்குக் கீழ வச்சு இது என் கருத்துன்னு சொல்ற வேலை இது இல்ல. தொம்பையும் அப்படித்தானே? தேர் அசையும்போது காத்துல ஆடணும், ஆள் உசரத்துக்கு மேல நின்னு அண்ணாந்து பாக்கணும். ஏசி ரூமுல ஆடாம தொங்குற தொம்பைய எனக்கு நெனைச்சுப் பாக்கவே கஷ்டமா இருக்கு. அவங்க இத கலைன்னு ஒத்துக்கிட்டாத்தான் கலையா? அப்பாகிட்ட ஒரு வார்த்த கேட்டியா?

கொள்ளிடக்கரை எழுதியது:

வண்டல் அண்ணன் சொல்றதுல பாதி எனக்குச் சம்மதம், பாதி இல்ல. நான் கொச்சி முசிரிஸ் பினாலேல ரெண்டு தடவ, ஆஸ்பின்வால் ஹவுஸ்னு அது நடக்குற கட்டடத்துல, படைப்புகளை மாட்டுற டீம்ல ஏணி மேல நின்னவன், இப்ப ஊருல பசங்களுக்கு ஓவியம் சொல்லிக்குடுக்குறேன்.

மொதல்ல அந்தக் கைவினைங்குற சுவரு. இது யாரோ ஒரு ஆபீசர் கெட்ட மனசு இல்ல, நம்ம அமைப்பே அப்படிப் பிரிஞ்சிருக்கு. லலித் கலா அகாடமி கலாச்சார அமைச்சகத்துக்குக் கீழ. கைவினைஞர் அட்டை, கைவினைக் கண்காட்சி எல்லாம் ஜவுளி அமைச்சகத்துக்குக் கீழ. உங்கப்பாவ வெளிநாடு அனுப்புனா வியாபாரக் கண்காட்சிக்கு அனுப்புவாங்க, ஸ்டால் குடுப்பாங்க, எத்தனை பீஸ் வித்துச்சுன்னு கேப்பாங்க. உங்கள அனுப்புனா ஓவியர்னு அனுப்புவாங்க. ஒரே வீட்டுல ஒரே துணியில ஒக்காந்து தைக்கிற ரெண்டு பேரு ரெண்டு அமைச்சகம். அதனாலதான் நீங்க ரெண்டு பக்கமும் அலையுறீங்க.

வெளியில இந்தச் சுவரு எப்பவோ விரிசல் விட்டாச்சு. 1989-ல பாரீஸ்ல மஜிசியன்ஸ் த லா தேர்னு ஒரு பெரிய கண்காட்சி, அதுல மத்தியப் பிரதேசத்துலேர்ந்து கோண்டு ஓவியர் ஜங்கர் சிங் ஷ்யாமும் பீகார் மிதிலையிலேர்ந்து பவுவா தேவியும் உலக ஆர்ட்டிஸ்ட்டுகளோட சரிசமமா இருந்தாங்க. கூப்பிட்டது கண்காட்சிக்காரங்க, நாட்டு பெவிலியன் வழியா போகல.

2024-ல வெனிஸ்ல மெயின் கண்காட்சியோட பெரிய விருதான தங்கச் சிங்கம் யாருக்குன்னா மத்தாஹோன்னு நியூசிலாந்துப் பூர்வகுடி மாவோரிப் பெண்கள் நாலு பேருக்கு. வேலையோட பேரு தகாபவ், அவங்க ஊருல விசேஷத்துக்கும் பிரசவத்துக்கும் விரிக்கிற பாய். ஆனா அவங்க பாயக் கொண்டு போயி வைக்கல. லாரியில லோடு கட்டுற பாலியஸ்டர் பெல்ட்டு இருக்கு பாருங்க, அத வச்சு அந்தப் பின்னல மேற்கூரை உசரத்துக்குப் பின்னியிருந்தாங்க. இன்னொரு விஷயம், அந்த வருஷம் நியூசிலாந்து நாடா பெவிலியன் வைக்கவே இல்ல. நாடு வரல, அந்த நாட்டுப் பொண்ணுங்க வந்து ஜெயிச்சாங்க.

இங்கதான் வண்டல் அண்ணன்கிட்ட மாறுபடுறேன். கோயில் தொம்பைய அப்படியே கழட்டிட்டுப் போயி வைக்கணும்னு யாரும் கேக்கல, அது தேருக்குச் சொந்தம், அங்கேயே இருக்கட்டும். மிர்கா-டாஸ் பண்ணது அவங்க பாட்டி, அத்தை, சந்தையில உக்காந்திருக்குற பொம்பளைங்க, அவங்க ஜனத்தோட கதை. காலங்காலமா வேற ஆளுங்க அவங்கள தப்பா வரைஞ்சத மறுபடி அவங்க கையால தைச்சாங்க. தங்கச்சி, நீங்க என்ன சொல்லப்போறீங்கங்கிறதுதான் கேள்வி. யாளி வெட்டுன மிச்சத் துணியில இன்னொரு யாளி தெரியும்னு எழுதுனீங்களே, நான் அத நாலு தடவ படிச்சேன். உங்க வேலை அங்க கெடக்குது.

நாட்டுப் பெவிலியனுக்குக் காத்திருக்க வேணாம்னுதான் நான் சொல்லுவேன். லலித் கலா அகாடமி 1968-ல தில்லியில ட்ரினாலேன்னு ஒரு உலகக் கலைக் கண்காட்சி ஆரம்பிச்சுது, வெளிநாட்டுக்காரங்க நம்மளத் தேடி வந்தாங்க, 2005-க்கு அப்புறம் அதுவும் நடக்கல. நமக்குப் பக்கத்துல கொச்சி இருக்கு, கும்பகோணத்துலேர்ந்து ராத்திரி கெளம்புனா மறுநாள் பாத்துடலாம். அதுகூடவே மாணவர்களுக்குன்னு தனி பினாலேயும் 2014-லேர்ந்து நடக்குது, உங்க ஜூனியர் பசங்களுக்குச் சொல்லுங்க. க்யூரேட்டருங்க ஆள் தேடி வர்றது அந்த மாதிரி எடத்துலதான். அதே சமயம் வெளிப்படையா விண்ணப்பம் கேளுங்கன்னு அரசாங்கத்துக்கு எழுதணும், அதுல மெஸ்த்ரே அண்ணன் சொன்னது நூத்துக்கு நூறு சரி, நானும் கையெழுத்துப் போடுறேன்.

ஒரே ஒரு வேண்டுகோள். எங்க அனுப்புனாலும் அப்பா பேரையும் போடுங்க. உதவியாளர்னு சின்ன எழுத்துல வேணாம், உங்க பேருக்குப் பக்கத்துலயே.

தேர்முட்டி எழுதியது:

எல்லாருக்கும் ரொம்ப நன்றி, ரெண்டு நாளா திரும்பத் திரும்பப் படிச்சேன்.

வண்டல் அண்ணே, அப்பாகிட்ட கேட்டேன். போலந்து போட்டோவ போன்ல காமிச்சேன். கண்ணாடிய மாட்டிக்கிட்டு பெருசு பண்ணிப் பெருசு பண்ணிப் பாத்தாரு. ஓரத்துல நூலு எப்படிப் போயிருக்குன்னு பாத்தாரு, பூப்போட்ட துணிய பாவாடையா வச்சிருக்குறத பாத்து, கட்டுன துணியே கட்டுன துணியா நிக்குதேன்னு சொன்னாரு. அப்புறம், கூட தைச்சவங்க எத்தனை பேரு, அவங்க பேரு எங்கயாவது இருக்கான்னு கேட்டாரு. எனக்குத் தெரியலப்பான்னேன். கடைசியா அவரு சொன்னது, சாமிக்குத் தைக்கிறத நான் எங்கயும் அனுப்ப மாட்டேன், ஆனா நீ வேற தைச்சா வெட்டிக் குடுக்குறேன். அவ்ளோதான் சொன்னாரு, சொல்லிட்டு மிஷின்ல போயி உக்காந்துட்டாரு.

கொள்ளிடக்கரை அண்ணே, நேத்துலேர்ந்து வெட்டுன மிச்சத்தக் குப்பையில போடாம மூட்டையா கட்டி வைக்கிறேன். கருப்புத் துணி மேல பரப்பிப் பாத்தேன், நீங்க சொன்னது புரியுது.

மெஸ்த்ரே அண்ணே, அரசாங்கத்துக்கு எழுதுற மனுவ நான் தமிழ்ல எழுதிடுறேன், நீங்க அங்க மத்த நாட்டுல எப்படி எப்படி அறிவிக்கிறாங்கன்னு பாத்து ஒரு பக்கம் எழுதித் தர முடியுமா? இன்னொரு உதவியும் வேணும், இது எல்லாருக்கும். தஞ்சாவூர், மன்னார்குடி, மாயவரம் பக்கம் உங்க ஊர்க் கோயில்ல தேர்ச்சீலை மாத்தும்போது பழசக் கழிச்சுப் போட்டா அதுக்கு முன்னாடி ஒரு போட்டோ எடுத்துப் போடுங்க. உள்பக்கம் மேல்மடிப்புல தைச்சவரு ஒரு அடையாளத் தையல் வச்சிருப்பாரு, எங்க தாத்தாவோடது மூணு புள்ளி, ஒரு கோடு. அந்த எடத்த மட்டும் கிட்டப்போயி எடுங்க.