ஷிப்ரெக்குக்குத் தமிழ்: வெள்ளிக்கிழமைக்குள்

ஆழியான்:
நண்பர்களே, மாணவர் கண்காட்சிக்காக இலங்கையின் கொடவாயக் கப்பல் பற்றி எட்டுப் பலகைகள் எழுதுகிறேன். வெள்ளியன்று அச்சு. அம்பாந்தோட்டைப் பக்கத்துக் கடலில், முப்பது மீட்டருக்கும் கீழே, 2003இல் மீனவர் கண்ணில் பட்டது. வயது ஏறத்தாழ ஈராயிரம். இந்தியப் பெருங்கடலில் இதுவரை கிடைத்த ஷிப்ரெக்குகளில் இதுதான் மூத்தது. 'மூழ்கிய கப்பல்' என்று எழுதிவிட்டுப் படத்தைப் பார்த்தால் கப்பலையே காணோம்! கண்ணாடிக் கட்டி, அம்மிக்கல், பானை. மரம் சொற்பம். என்ன சொல்லலாம்?

சுவடி:
புதிதாக எதற்கு? உடைகலம். மணிமேகலையில் 'உடைகலப் பட்டு' இருக்கிறது. கணவன் சாதுவன் அப்படி இறந்தான் என்று பிழைத்து வந்தவர்கள் சொன்னதை நம்பித்தான் ஆதிரை தீயில் இறங்கினாள். சாதுவனோ ஒடிந்த மரத்தைப் பிடித்துக் கரையேறியிருந்தான்.

பானையோடு:
ஐயா, நான் அகழாய்வுக் கிடங்கில் சீட்டு எழுதுகிறவன். கலம் என்றால் எனக்குப் பானை. கொடவாயவில் கப்பலும் உடைகலம், உள்ளே இருந்த சட்டியும் உடைகலமா?

சுவடி:
இரண்டும் ஒன்றுதான் தம்பி! கல்லுதல் என்றால் தோண்டுதல். அதிலிருந்துதான் குடைந்த மரம் கலம், குடைவான பாத்திரம் கலம் என்பார்கள். மனத்தைத் தோண்டுவது கல்வி என்பதும் உண்டு. நெல் அளவையில் பன்னிரண்டு மரக்கால் கொண்டதும் கலம். அகழாய்வும் கல்லுதல்தானே...

ஆழியான்:
ஐயா, வெள்ளிக்கிழமை.

நெடுங்கணக்கு:
உடையாததை என்ன செய்வீர்கள்? சுவீடனின் வாசா கப்பல் 1628இல் முதல் பயணத்திலேயே, துறைமுகத்தைத் தாண்டாமலே கவிழ்ந்தது. 1961இல் ஏறக்குறைய முழுசாக மேலே வந்தது. பால்டிக்கில் உப்பு குறைவு, மரம் தின்னும் கப்பற்புழு கிடையாது. அது உடைகலமா?

சுவடி:
வினைத்தொகை ஐயா, முக்காலமும் அடங்கும். மேலே வந்த பிறகு மரம் சுருங்காமல் இருக்க 17 ஆண்டு பாலிஎதிலீன் கிளைக்கால் என்ற வேதிப்பொருளைத் தெளித்தும், மரத்துக்குள் ஊறிய கந்தகம் அமிலமாகி அரிக்கிறது. உடைந்துகொண்டேதானே இருக்கிறது!

நெடுங்கணக்கு:
இலக்கணத்தை வைத்து எதையும் தப்பவைக்கலாம்.

முத்துநகர்:
எங்க ஊர்ல வலை மாட்டினா 'கீழ கப்பல் கிடக்கு'ன்னுதான் சொல்லுவாங்க. எட்டாம் வகுப்புப் பிள்ளைக்கு அது போதாதா? உங்க உடைகலத்துக்கு ஒரு விளக்கம், அந்த விளக்கத்துக்கு ஒரு அகராதி. 'கிடைகலம்'னாவது வையுங்க.

பானையோடு:
ஆட்டுக்கிடை ஞாபகம் வருகிறதே.

நீர்மூழ்கி:
நான் முக்குளிப்பவள். அந்த ஆழத்தில் இருபது நிமிடம்தான் வேலை. நீரோட்டம் இழுக்கும், ஒரு கையால் அளவு நாடாவைப் பிடித்துக்கொண்டு, மறுகையால் பிளாஸ்டிக் தட்டில் பென்சிலால் எழுதுகிறோம். 'உ.க.' என்று சுருக்கலாம், எனக்கு உடைகலம் சரி. ஆனால் ஒன்று. கப்பல் உடைந்த நிகழ்ச்சிக்கு வேறு சொல் வையுங்கள். எங்களுக்கு அது ஒரு நாள் நடந்த விபத்து, இது கிடக்கும் இடம்.

சுவடி:
நிகழ்ச்சிக்குக் 'கலமுறிவு'.

நெடுங்கணக்கு:
பானை முறியாது, உடையும். அந்த வகையில் இது தேவலை.

ஆழியான்:
பலகைகளை அனுப்பிவிட்டேன். தலைப்பில் 'உடைகலம்', அதன் கீழே சின்ன எழுத்தில் 'கடலடியில் கிடக்கும் கப்பல்'. முத்துநகர் அண்ணாச்சி மன்னிக்கவும்.

முத்துநகர்:
பிள்ளைங்க சின்ன எழுத்தைத்தான் வாசிக்கும், பாருங்க.

பானையோடு:
ஐந்தாம் பலகையில் பானைக்கு என்ன எழுதினீர்கள்?