கடையில் மேட்ச், வெயிலில் மிஸ்மேட்ச்: ஏன்?

ஊடைநூல்:
மேட்சிங் சென்டர் எல்இடி வெளிச்சத்தில் அரக்குப் பட்டுச்சேலையும் காட்டன் பிளவுஸ் பிட்டும் ஒரே நிறம். வெளியே கொண்டுவந்தால் பிட் மட்டும் பழுப்படிக்கிறது. சாயம் மட்டமா, கண் ஏமாறுகிறதா? வாங்கும்போதே கண்டுபிடிக்க முடியுமா?

நிறமாலை:
சாயத்தின் மேல் பழி வேண்டாம். இதற்கு மெட்டமெரிசம் என்று பெயர். நிறம் பார்க்கும் கூம்பு செல்கள் நம் கண்ணில் மூன்றே வகை. உச்ச உணர்திறன் சுமார் 420, 534, 564 நானோமீட்டர் அலைநீளங்களில். எந்த அலைநீளம் எவ்வளவு வந்தது என்ற முழுக்கணக்கு மூளைக்குப் போவதில்லை, மூன்று தூண்டல் அளவுகள்தான் கிடைக்கும். அவை ஒத்துப்போனால் ஒரே நிறம், அவ்வளவுதான்.

பட்டுக்குப் பெரும்பாலும் அமிலச் சாயம், பருத்திக்கு ரியாக்டிவ் சாயம். கண்ணுக்கு ஒன்றுபோல் இருந்தாலும் இரண்டும் ஒளியைத் திருப்பி அனுப்பும் விதம் வேறு. வெள்ளை எல்இடியோ, 450 நானோமீட்டர் அருகே நீலம் உமிழும் சிப்பின் மேல் மஞ்சள் பாஸ்பர் (நீல ஒளியை வாங்கி மஞ்சளாக உமிழும் பொருள்) பூசியது. 480 நானோமீட்டர் பக்கம் ஒளி குறைந்து ஒரு பள்ளம். அடர்சிவப்புப் பகுதியில் சரிவு. சாயங்கள் வேறுபடும் இடத்தில் விளக்கில் ஒளியே குறைவென்றால் வித்தியாசம் எங்கிருந்து தெரியும்? அரக்கு மாட்டிக்கொள்வது இதனால்தான். பல்பு அட்டையில் ‘சிஆர்ஐ 80’ (நிறங்களை எவ்வளவு சரியாகக் காட்டும் என்பதற்கான மதிப்பெண்) என்றிருப்பதை நம்ப வேண்டாம். அது எட்டு வெளிர்நிற மாதிரிகளின் சராசரி; அடர்சிவப்புக்கான ‘ஆர்9’ மாதிரி அதில் சேராது.

பாவு:
செய்முறை இது. பிட்டை நான்காக மடியுங்கள். மெல்லிய துணியில் பின்னாலிருக்கும் நிறம் கசியும். சேலையின் உடல் மேல் விளிம்போடு விளிம்பு ஒட்டி வையுங்கள். நடுவே இடைவெளி விட்டால் சிறு வேறுபாடு கண்ணில் படாது. கடை வாசலில், நேர்வெயில் படாத நிழலில், வானத்து வெளிச்சத்தில் பாருங்கள். நேர்வெயிலில் பட்டின் மினுக்கு நிறத்தை விழுங்கிவிடும். வெளியே வந்ததும் முடிவு சொல்லாதீர்கள், கண் பழக இரண்டு நிமிடமாவது ஆகும். பிறகு மஞ்சள் பல்பிலும் ஒருமுறை. மண்டபத்தில் உடுத்துவதென்றால் அந்த வெளிச்சம்தான் முக்கியம்.

மயில்கழுத்துச் சேலைக்கு இந்தக் கணக்கு மட்டும் போதாது. பாவு (நீளவாக்கு நூல்) ஒரு நிறம், ஊடை (குறுக்கு நூல்) வேறு நிறம்; பார்க்கும் கோணம் மாறினாலே நிறம் மாறும். துணியைத் திருப்பித் திருப்பிப் பார்த்து ஏதாவது ஒரு நூலின் நிறத்துக்கு பிட் எடுப்பதே நல்லது.

ஊடைநூல்:
வாசலுக்குப் போகாமல் போனில் படம் எடுத்துப் பார்த்தால்?

நிறமாலை:
உதவாது. கேமரா சென்சாரின் வடிகட்டிகள் நம் கூம்பு செல்களைப் போல இல்லை. கண்ணுக்குப் பொருந்தும் ஜோடி படத்தில் பிரியலாம், பொருந்தாதது பொருந்தலாம். போதாக்குறைக்கு போன் தானாகவே ஒயிட் பேலன்ஸை, அதாவது வெளிச்சத்துக்கு ஏற்ப நிறங்களைச் சரிசெய்யும் அமைப்பை, மாற்றிவிடும்.