டாம் ஃபோகர்ட்டி ஏன் கிரீடென்ஸை விட்டுப் போனார்?

சேது_ரிதம்:
கிரீடென்ஸ் கிளியர்வாட்டர் ரிவைவல் (சிசிஆர்) என்ற அமெரிக்க ராக் குழு உச்சத்தில் இருந்தபோதே, 1971 தொடக்கத்தில் அதன் ரிதம் கிட்டார்காரர் டாம் விலகிவிட்டார். "பேரும் காசும் வருது, பேசாம வாசிச்சுட்டுப் போக வேண்டியதுதானே?" என்கிறான் என் தம்பி. எங்கள் கச்சேரிக் குழுவில் அவன் லீட் கிட்டார், அதாவது முன்னால் தனித்துக் கேட்பது. நான் ரிதம், அடியில் தாளத்தோடு ஓடுவது. கச்சேரி முடிந்ததும் அவனோடு படம் எடுத்துக்கொள்ள வருகிறவர்கள் போனை என் கையில்தான் கொடுப்பார்கள். அதனால் சுருக்கென்றது. டாம் பக்க நியாயம் தெரிந்தவர்கள் சொல்லுங்களேன்.

பழைய_எல்பி:
முதலில் ஒன்று. அது ஒரு காலத்தில் டாமின் குழு! கலிபோர்னியாவில் எல் செரிட்டோ என்ற ஊர். தம்பி ஜான், ஸ்டூ குக், டக் கிளிஃபோர்ட் மூவரும் பள்ளிப் பையன்கள். மூன்றரை வயது மூத்த டாம்தான் பாடகர். இசைத்தட்டிலேயே 'டாமி ஃபோகர்ட்டி அண்ட் தி புளூ வெல்வெட்ஸ்' என்றுதான் போட்டார்கள். அப்புறம் ஜானின் குரல் எடுபட ஆரம்பித்ததும் அண்ணன் மைக்கை விட்டுக்கொடுத்துவிட்டு ரிதம் கிட்டாருக்கு நகர்ந்தார்.

1969இல் மட்டும் மூன்று ஆல்பம். எழுத்து, குரல், லீட், தயாரிப்பு எல்லாமே ஜான். சிசிஆர் ஆல்பங்களில் பாட்டு எழுதியவராக டாமின் பெயர் வருவது ஒரே இடத்தில், 1968 முதல் ஆல்பத்தின் 'வாக் ஆன் தி வாட்டர்'. அதுவும் தம்பியோடு சேர்த்து. மைக்கையே கொடுத்தவர் தனக்கென்று ஒரு பாட்டு கேட்டால் தப்பா?

தாளக்கட்டு:
ஜானைச் சும்மா வில்லனாக்காதீர்கள். டாம் போனபின் 'மார்டி கிரா' ஆல்பத்தில் மற்ற இருவருக்கும் எழுத, பாட இடம் கிடைத்தது. கேட்டுப் பாருங்கள், ஜான் ஏன் அதுவரை விடவில்லை என்று புரியும். அது வந்த 1972லேயே குழுவும் கலைந்தது. டாமின் தனி ஆல்பங்களும் பெரிதாக ஓடவில்லை. எனக்கென்னவோ கீபோர்டுகாரர் மெர்ல் சாண்டர்ஸ், கிட்டார்காரர் ஜெர்ரி கார்சியாவோடு அவர் வாசித்ததுதான் பிடிக்கும்.

பழைய_எல்பி:
அதை ஒத்துக்கொள்கிறேன். ஆனால் சகோதரர்களைக் கடைசிவரை பிரித்தது பாட்டு மட்டும் இல்லை. சிசிஆரின் இசைத்தட்டுகளை வெளியிட்ட ஃபேன்டசி கம்பெனியோடு ஜானுக்குப் பெரிய தகராறு. டாம் கம்பெனி பக்கம் நின்றார். 1980இல் டாமின் கல்யாணத்தில் நால்வரும் சேர்ந்து வாசித்தார்கள், அவ்வளவுதான். சிகிச்சையில் ஏற்றிய ரத்தத்தால் டாமுக்கு எச்ஐவி தொற்றியது. 1990 செப்டம்பரில், 48 வயதில், காசநோயில் போய்விட்டார். சண்டை தீரவே இல்லை.

சேது, சிசிஆரின் 'சூசி க்யூ' பாட்டின் ஆல்பம் வடிவத்தை இயர்போனில் கேளுங்கள். எட்டரை நிமிடம். ஜான் லீடில் எங்கெங்கோ சுற்றிவிட்டு வருவார், அடியில் டாமின் ரிதம் அசையாது.

சேது_ரிதம்:
தம்பி காதிலேயே மாட்டிவிட்டேன். முழுசாகக் கேட்டான். "கை வலிச்சிருக்காது?" என்றான். நான் பதில் சொல்லவில்லை. ஞாயிற்றுக்கிழமை கச்சேரிப் பட்டியலில் நாலாவது பாட்டுக்கு நேரே என் பேரை எழுதிவிட்டேன். இன்னும் பார்க்கவில்லை அவன்.