60இன் வர்க்கமூலம் 7.7ஆ, 7.8ஆ? விளக்கம் தேவை

ஒட்டுசுட்டான் அண்ணன்:
வணக்கம். தங்கை பத்தாம் தரம் படிக்கிறாள். பெரும்போக நெல் காயப்போட 60 சதுர மீற்றரில் சதுரமான ஒரு தளம்; அதன் பக்க நீளத்தைக் கிட்டிய முதலாம் தசமதானத்திற்குத் தரவேண்டும் என்பது கணக்கு. வகுத்தல் முறையில் 7.7459 வரை எடுத்துவிட்டாள். அதை 7.75 என்று மட்டந்தட்டி, பிறகு 7.8 என்று எழுதினாள். விடைத்தாளில் 7.7 என்று இருக்கிறது. "5 வந்தால் கூட்டவேண்டும் என்ற விதிப்படிதானே செய்தேன்" என்கிறாள். எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை.

மாங்குளம் வாசகர்:
தம்பி, 7.75 என்றால் விதிப்படி 7.8தான். விடைத்தாளில் அச்சுப்பிழையாக இருக்கும்.

கிளிநொச்சி கணித ஆசிரியை:
அச்சுப்பிழை இல்லை, 7.7தான் சரி. மட்டந்தட்டலை ஒரே தடவைதான் செய்யவேண்டும், அதுவும் மூல எண்ணிலிருந்து. முதலாம் தசமதானம் கேட்டால் இரண்டாம் தசமதானத்து இலக்கத்தை மட்டும் பாருங்கள். 7.7459இல் அங்கே நிற்பது 4. தங்கை பார்த்த 5, முதல் மட்டந்தட்டலில் அவளே உண்டாக்கியது. 7.75ஐ வர்க்கித்தால் 60.0625, அறுபதைத் தாண்டிவிட்டது. ஆகவே உண்மையான மூலம் 7.75க்குக் கீழே, 7.7க்கே கிட்ட இருக்கிறது. வகுத்தலை இவ்வளவு துப்புரவாகச் செய்த பிள்ளைக்குக் கடைசி வரியில் புள்ளி போகக்கூடாது.

ஒட்டுசுட்டான் அண்ணன்:
நன்றி ரீச்சர். பரீட்சையில் கணிப்பான் இல்லை. நீண்ட வகுத்தல் இல்லாமலே சரிபார்க்க முடியுமா?

கிளிநொச்சி கணித ஆசிரியை:
முடியும். 7.7இன் வர்க்கம் 59.29, அறுபதுக்கு 0.71 குறைவு. 7.8இன் வர்க்கம் 60.84, அதாவது 0.84 கூட. வித்தியாசம் குறைந்தது 7.7.

"வர்க்கங்களின் வித்தியாசத்தைப் பார்த்து மூலத்தைத் தீர்மானிக்கலாமா?" என்று கெட்டிக்காரப் பிள்ளைகள் கேட்பார்கள். நல்ல கேள்வி. இரண்டு வர்க்கங்களுக்கும் நடுவே இருப்பது 60.065, 7.75இன் வர்க்கமோ 60.0625. கொடுத்த எண் இந்தச் சிறு இடைவெளிக்குள் விழுந்தால் மட்டுமே இந்த வழி பிழைக்கும். முழு எண்ணோ, இரண்டு தசமதானம் வரையுள்ள எண்ணோ அதற்குள் விழவே முடியாது. எனவே தயங்காமல் பயன்படுத்தலாம்.

இன்னும் நெருங்கவேண்டுமானால் 60ஐ 7.7ஆல் வகுத்து, வரும் 7.792ஐயும் 7.7ஐயும் சராசரியாக்குங்கள்: 7.746. அலெக்சாந்திரியாவின் ஹெரோன் எழுதிவைத்த முறை இது. இந்தச் சராசரி உண்மை மூலத்தைவிட ஒருபோதும் குறையாது. அதுவே 7.75க்குக் கீழே நிற்கும்போது சந்தேகத்துக்கு இடம் ஏது? தங்கைக்கு 6இன் வர்க்கமூலத்தையும் கொடுத்துப் பாருங்கள்.

ஒட்டுசுட்டான் அண்ணன்:
கொடுத்தேன். 2.449 வந்ததும் நிறுத்தி, 2.45இன் வர்க்கம் 6.0025 என்று ஓரத்தில் எழுதிப் பார்த்துவிட்டு 2.4 என்றாள்.

புதுக்குடியிருப்பு மேசன்:
பரீட்சைக்கு 7.7 சரி. உண்மையிலேயே தளம் போடுவதென்றால் 7.7 மீற்றருக்கு 59.29 சதுர மீற்றர்தான் கிடைக்கும். தேவையான பரப்பு குறையக்கூடாது என்னும் இடத்தில் மேல்பக்கமாகத்தான் போகவேண்டும், நான் 7.75 வைத்து நூல் கட்டுவேன். நாலு பக்கமும் சமமானால் மட்டும் சதுரம் ஆகிவிடாது, மூலைவிட்டங்களையும் நாடா பிடித்து அளந்து பாருங்கள். இந்த அளவுக்கு இரண்டும் 10.96 மீற்றர் வரவேண்டும்.